குறுக்குவழி வண்டிகளுக்கு வழியை அடைப்போம்: தெருவை மனிதர்களுக்கு மீட்க ஒரு முழுமையான வழிகாட்டி

1960-களின் இறுதியில் சான் பிரான்சிஸ்கோ நகரில் டொனால்ட் ஆப்பிள்யார்ட் என்ற நகரமைப்புப் பேராசிரியர் மூன்று தெருக்களை எடுத்துக்கொண்டு அங்கு வசிப்பவர்களிடம் பேசினார். பார்வைக்கு மூன்றும் ஒரே மாதிரித் தெருக்கள். வேறுபாடு போக்குவரத்தில் இருந்தது. முதல் தெருவில் நாளுக்குச் சுமார் 2,000 வண்டிகள், இரண்டாவதில் 8,000, மூன்றாவதில் 16,000. அமைதியான தெருவில் ஒருவருக்கு அதே தெருவில் சராசரியாக மூன்று நண்பர்கள் இருந்தார்கள். நெரிசல் தெருவில் அந்தச் சராசரி 0.9. உங்களுடைய இடம் எதுவரை என்று வரைபடத்தில் காட்டச் சொன்னபோது, அமைதியான தெருவில் இருந்தவர்கள் தெரு முழுவதையும் வளைத்துக் கோடு போட்டார்கள். நெரிசல் தெருவில் இருந்தவர்கள் தங்கள் கட்டடத்தோடு நிறுத்திக்கொண்டார்கள்.

வாசலுக்கு வெளியே இருக்கும் இடத்தை நாம் எப்படி இழந்தோம் என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சியம் எனக்குத் தெரியாது. இழந்ததை மீட்கவும் முடியும். பல நகரங்கள் மீட்டிருக்கின்றன.

தொடங்கும் முன் ஒரு பாகுபாட்டை மனத்தில் நிறுத்துங்கள். தெருவில் ஓடும் வண்டிகளில் இரண்டு வகை உண்டு. அந்தத் தெருவில் உள்ள வீட்டுக்கோ கடைக்கோ பள்ளிக்கோ வருபவை ஒரு வகை. இவற்றை வீட்டு வண்டிகள் என்று அழைக்கிறேன். பெரிய சாலையின் நெரிசலுக்குத் தப்பி உங்கள் வாசல் வழியே ஓடி மறுமுனையில் வெளியேறுபவை இன்னொரு வகை. இவை குறுக்குவழி வண்டிகள். முதல் வகைக்கு வழிவிட்டு, இரண்டாம் வகைக்கு வழியை அடைத்தால் தெருவின் குணமே மாறிவிடும். "கார்களே கூடாது" என்று தொடங்கும் முயற்சி முதல் கூட்டத்திலேயே பாதிப் பேரை இழந்துவிடும். "வருபவர் வரட்டும், ஊடே ஓடுபவர் பெரிய சாலையில் போகட்டும்" என்று தொடங்கினால், கார் வைத்திருப்பவரும் உங்கள் பக்கம் நிற்க இடமிருக்கிறது.

முதல் படி: எண்ணுங்கள்

எண்ணாமல் எவரிடமும் பேசப் போகாதீர்கள். "இங்கே வண்டி அதிகம்" என்பது புலம்பல். "காலை எட்டு முதல் ஒன்பதுவரை வந்த வண்டிகளில் பாதிக்கு மேல் இந்தத் தெருவில் நிற்கவே இல்லை" என்பது வாதம்.

தெருவின் இரு முனைகளிலும் இருவர் இருவராக நில்லுங்கள். ஒருவர் வண்டியின் பதிவு எண்ணில் கடைசி நான்கு இலக்கங்களைச் சொல்ல, மற்றவர் மணியையும் நிமிடத்தையும் சேர்த்து எழுதட்டும். பிறகு இரண்டு தாள்களையும் ஒப்பிடுங்கள். ஒரு முனையில் நுழைந்த எண் மூன்று நான்கு நிமிடங்களுக்குள் மறுமுனையில் வெளியேறியிருந்தால் அது குறுக்குவழி வண்டி. வேலை நாளின் நெரிசல் நேரத்தில் ஒரு மணி நேரம், நண்பகலில் ஒரு மணி நேரம், விடுமுறை நாளில் ஒரு மணி நேரம் என்று எடுத்தால் போதுமானது. கணக்கு முடிந்ததும் எண்கள் இருக்கும் தாள்களைக் கிழித்துவிடுங்கள். எந்த வண்டி யாருடையது என்பது நமக்குத் தேவையில்லை. மொத்தத் தொகையை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

அதே தாளில் நடந்து போகிறவர்கள், சைக்கிளில் போகிறவர்கள், சக்கர நாற்காலியில் போகிறவர்கள், பெரியவர் துணையின்றித் தனியே வரும் குழந்தைகள் ஆகியோரையும் எண்ணுங்கள். குழந்தைகளுக்கான அந்தக் கடைசி வரிசையை விட்டுவிடாதீர்கள். தெரு எவ்வளவு பாதுகாப்பானது என்பதை எந்தக் கருவியையும்விடப் பெற்றோர்களின் மனம் துல்லியமாக அளந்து வைத்திருக்கிறது. அந்த அளவுதான் இந்த வரிசையில் எண்ணாக வந்து விழும்.

வேகத்தை அளக்கவும் கருவி வேண்டாம். 50 மீட்டர் இடைவெளியில் இரண்டு அடையாளங்கள் வையுங்கள். கடக்க ஆறு விநாடி எடுத்தால் வண்டி மணிக்கு 30 கிலோமீட்டரில் போகிறது. நான்கு விநாடிக்கும் குறைவாக எடுத்தால் வேகம் 45-ஐத் தாண்டிவிட்டது. இந்த வேறுபாடு ஏன் முக்கியம் என்று எவராவது கேட்பார்கள். ஒரு குழந்தை சாலைக்குள் ஓடிவருகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஓட்டுநர் பார்த்து, காலை பிரேக்குக்குக் கொண்டுபோக ஏறக்குறைய ஒரு விநாடி ஆகும். 30 கிலோமீட்டர் வேகத்தில் வந்த கார் ஏறத்தாழ 13 மீட்டருக்குள் முழுதாக நின்றுவிடும். 50-இல் வந்த கார் அதே 13 மீட்டரைக் கடக்கும்போது பிரேக் பிடிக்கவே தொடங்கியிருக்காது. முழு வேகத்தில் மோதும். இதை நான் எந்தக் கூட்டத்திலும் சொல்லாமல் விடமாட்டேன்.

இரண்டாம் படி: கதவைத் தட்டுங்கள்

கூட்டம் போடுவதற்கு முன் வீடு வீடாகப் போங்கள். கூட்டத்துக்கு வருபவர்கள் ஏற்கெனவே முடிவெடுத்தவர்கள். வாசலில் நின்று பேசும்போதுதான் மனம் திறக்கும்.

"இந்தத் தெருவில் கார்களைக் கட்டுப்படுத்தலாமா?" என்று கேட்காதீர்கள். "இந்தத் தெருவில் உங்களால் செய்ய முடியாமல் போனது என்ன?" என்று கேளுங்கள். ஜன்னலைத் திறந்து தூங்க முடியவில்லை, மகளை எதிர்வீட்டுக்குத் தனியே அனுப்ப முடியவில்லை, சாலையைக் கடக்கப் பயந்தே மாலை நடையை விட்டுவிட்டேன் என்று பதில்கள் வரும். அவற்றை அவர்கள் சொன்ன சொற்களிலேயே குறித்துக்கொள்ளுங்கள்.

சிலரை நீங்களே தேடிப் போக வேண்டும். நடக்கச் சிரமப்படுபவர்கள், சக்கர நாற்காலி பயன்படுத்துபவர்கள், பார்வையற்றவர்கள், வீட்டில் நோயாளி இருப்பவர்கள், சரக்கு இறக்கும் கடைக்காரர்கள், குப்பை வண்டி ஓட்டுபவர்கள், தீயணைப்பு நிலையத்தார். வாகனம் வாசல்வரை வந்தே தீர வேண்டிய தேவை இவர்களில் பலருக்கு உண்டு. திட்டம் வரைந்து முடித்த பிறகு கருத்துக் கேட்டால் அது மரியாதையும் ஆகாது, திட்டமும் உருப்படாது.

மக்கள் கோபம் எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு நெதர்லாந்து சான்று. 1971-ஆம் ஆண்டில் அங்கே சாலை விபத்துகளில் 3,000-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள்; அவர்களில் 400-க்கும் மேற்பட்டவர்கள் குழந்தைகள். "குழந்தைக் கொலையை நிறுத்து" என்ற பெயரிலேயே ஓர் இயக்கம் எழுந்தது. பெற்றோர்களும் பிள்ளைகளும் சாலைகளை மறித்தார்கள். இன்று உலகமே வியக்கும் அந்த நாட்டின் சைக்கிள் பாதைகளும் குடியிருப்புத் தெருக்களும் இயற்கையாக முளைத்தவை அல்ல. கேட்டு வாங்கியவை.

மூன்றாம் படி: ஒரு நாள் திறந்து காட்டுங்கள்

காலியான தெருவை நேரில் பார்க்காதவரிடம் அதைப் பற்றி எவ்வளவு பேசினாலும் பயன் குறைவு. ஒரு ஞாயிற்றுக்கிழமை, சில மணி நேரம் போதும்.

கொலம்பியாவின் போகோட்டா நகரில் 1974 டிசம்பரில் இப்படித்தான் தொடங்கியது. இன்று அங்கே ஒவ்வொரு ஞாயிறும் விடுமுறை நாளும் காலை ஏழு முதல் பிற்பகல் இரண்டுவரை 120 கிலோமீட்டருக்கும் அதிகமான சாலைகள் நடப்பவர்களுக்கும் ஓடுபவர்களுக்கும் சைக்கிள் ஓட்டுபவர்களுக்கும் திறந்து விடப்படுகின்றன. இன்னும் சிறிதாகவும் தொடங்கலாம். 2005-இல் சான் பிரான்சிஸ்கோவில் ஒரு கலைக்குழுவினர் கட்டண வாகன நிறுத்தத்தில் காசு போட்டு, ஒரே ஒரு காருக்கான இடத்தை இரண்டு மணி நேரத்துக்கு வாடகைக்கு எடுத்தார்கள். அங்கே புல்விரிப்பைப் பரப்பி, ஒரு மரத்தையும் ஒரு பெஞ்சையும் வைத்தார்கள். அது பல நாடுகளுக்குப் பரவிய ஆண்டு நிகழ்வாகிவிட்டது.

நடைமுறைக் குறிப்புகள் சில. உள்ளாட்சியிடமும் காவல்துறையிடமும் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். தேதியைக் குறைந்தது இரண்டு வாரங்களுக்கு முன் ஒவ்வொரு வீட்டுக்கும் தெரிவியுங்கள். ஒவ்வொரு முனையிலும் எளிதில் நகர்த்தக்கூடிய தடுப்பும், ஒளிரும் மேலாடை அணிந்த இருவரும் இருக்கட்டும். வீட்டு வண்டி வந்தால் மறுக்காதீர்கள். ஒருவர் முன்னால் நடக்க, நடை வேகத்தில் பின்னால் வரச் சொல்லுங்கள். இந்த ஒரு பழக்கமே எதிர்ப்பில் பெரும்பகுதியைக் கரைத்துவிடும்.

நிகழ்ச்சிகளால் நாளை நிரப்பாதீர்கள். மேடையும் ஒலிபெருக்கியும் வந்துவிட்டால் மக்கள் பார்வையாளர்களாகிவிடுவார்கள். நாற்காலிகள், நிழல், குடிநீர், சாக்குக்கட்டி ஆகியவை போதும். மற்றதைக் குழந்தைகள் பார்த்துக்கொள்வார்கள்.

நான்காம் படி: வடிகட்டியை வையுங்கள்

இதுதான் வேலையின் இதயம். பொறுமையாகப் படியுங்கள்.

ஆட்களையும் சைக்கிள்களையும் சக்கர நாற்காலிகளையும் விட்டுவிட்டுக் கார்களை மட்டும் தடுக்கும் எந்த அமைப்பும் வடிகட்டிதான். தெருவின் நடுவில் குறுக்கே வைத்த மூன்று தடுப்புத் தூண்கள் ஒரு வடிகட்டி. கனமான செடித் தொட்டிகளும் வடிகட்டியே. நாற்சந்தியில் மூலைக்கு மூலை குறுக்காகத் தூண்கள் நட்டால், நேராகப் போக வந்த கார் திரும்பித்தான் ஆக வேண்டும்; நடப்பவர் நான்கு பக்கமும் போகலாம். எந்த வீட்டுக்கும் காரில் போகும் வழி அடைபடுவதில்லை. ஊடே புகுந்து மறுபுறம் வெளியேறும் வழி மட்டும் அடைபடுகிறது.

ஒரே தெருவில் வடிகட்டி வைப்பது பலர் செய்யும் தவறு. வண்டிகள் அடுத்த தெருவுக்குப் போகும், அங்கிருப்பவர்கள் உங்களுக்கு எதிரிகளாவார்கள். வரைபடத்தை எடுத்து, நான்கு புறமும் பெரிய சாலைகளால் சூழப்பட்ட பகுதி முழுவதையும் ஒரே அலகாகப் பாருங்கள். ஒரு பெரிய சாலையிலிருந்து நுழைந்து இன்னொரு பெரிய சாலைக்கு வெளியேறும் வழிகள் ஒவ்வொன்றையும் வண்ணப் பென்சிலால் வரையுங்கள். பிறகு, எத்தனை குறைந்த இடங்களில் அடைத்தால் எல்லாக் கோடுகளும் அறுபடும் என்று பாருங்கள். சிறிய பகுதியாக இருந்தால் பெரும்பாலும் ஒரு கை விரல்களுக்குள் அடங்கிவிடும். இந்தப் பயிற்சியைப் பத்துப் பேர் மேசையைச் சுற்றி நின்று செய்தால், அதுவே நல்ல பொதுக்கூட்டம்.

இதையே ஒரு நகரின் மையம் முழுவதற்கும் செய்து காட்டியது நெதர்லாந்தின் க்ரோனிங்கன். 1977 செப்டம்பரில் நகர மையத்தை நான்கு பகுதிகளாகப் பிரித்தார்கள். ஒரு பகுதியிலிருந்து இன்னொன்றுக்குக் காரில் நேராகப் போக முடியாது; வெளியே வந்து சுற்றுச்சாலை வழியாகத்தான் போக வேண்டும். நடந்தோ சைக்கிளிலோ நேராகப் போகலாம். பெல்ஜியத்தின் கென்ட் நகரம் 2017 ஏப்ரலில் இதே முறையைப் பின்பற்றி, கார் இல்லாத மையத்தைச் சுற்றி ஆறு பகுதிகளை அமைத்தது. நகரத்தை இடித்துக் கட்டவில்லை. காருக்கு நீண்ட வழி, காலுக்குக் குறுக்குவழி என்று மாற்றினார்கள்.

தீயணைப்பு வண்டியும் ஆம்புலன்ஸும் கடக்க வேண்டிய இடத்தில் பூட்டித் திறக்கும் தூணையோ, கேமரா மட்டும் கண்காணிக்கும் திறந்த வடிகட்டியையோ வையுங்கள். எது எங்கே என்பதை அவர்களே முடிவு செய்யட்டும். தூண்களுக்கு இடையிலான இடைவெளி அகலமான சக்கர நாற்காலியும் சரக்கு சைக்கிளும் தடையின்றிப் போகும் அளவு இருக்க வேண்டும். இருசக்கர மோட்டார் வண்டிகளும் அந்த இடைவெளியில் நுழையும் என்பது உண்மை. அதைத் தடுக்கிறேன் என்று வளைந்து நெளிந்த இரும்புச் சட்டங்களை நட்டு, நடக்கச் சிரமப்படுபவரையும் சேர்த்துத் தடுத்துவிடாதீர்கள். கேமராவும் அபராதமும் மேல்.

ஐந்தாம் படி: நிற்கும் கார்களின் இடம்

ஓடும் காரைவிட நிற்கும் கார்தான் தெருவை அதிகம் விழுங்குகிறது. ஒரு கார் நிற்க ஏறத்தாழ 12 சதுர மீட்டர் வேண்டும். பத்து சைக்கிள்களை அந்த இடத்தில் நிறுத்தலாம். ஒரு மரம் நட்டு அதைச் சுற்றிப் பெஞ்சு போடலாம்.

எல்லாவற்றையும் ஒரே நாளில் எடுக்க முயலாதீர்கள். தெருமுனைகளில் தொடங்குங்கள். சந்திப்பை ஒட்டிய சில மீட்டர் தூரத்தில் கார் நின்றால், கடக்க நிற்கும் குழந்தை ஓட்டுநருக்குத் தெரியாது, வரும் கார் குழந்தைக்கும் தெரியாது. அந்த இடத்தைக் காலியாக்குவதை மறுத்துப் பேச எவருக்கும் நா எழாது. அமெரிக்காவின் ஹோபோக்கன் நகரம் சந்திப்பு முனைகளை இப்படி ஒழுங்காகத் திறந்துவிட்டது. வேகக் குறைப்பு போன்ற வேறு நடவடிக்கைகளையும் சேர்த்தே செய்தது. 2017-இல் தொடங்கிப் பல ஆண்டுகள் அங்கே ஒரு சாலை மரணம்கூட நிகழவில்லை.

காலியாக்கிய முனையை அப்படியே விட்டுவிட்டால் மறுநாள் காலை அங்கே ஒரு கார் நிற்கும். சைக்கிள் நிறுத்தும் கம்பிகளையோ தாழ்வான செடிகளையோ உடனே நடுங்கள்.

ஆறாம் படி: மலிவாகச் சோதியுங்கள், உட்கார இடம் கொடுங்கள்

கல்லும் சிமெண்டும் கடைசியில் வரட்டும். முதல் ஆறு மாதங்களுக்கு வண்ணப்பூச்சு, தொட்டிகள், நகர்த்தக்கூடிய நாற்காலிகள் போதும். 2009-இல் நியூயார்க்கின் டைம்ஸ் சதுக்கத்தில் பிராட்வே சாலையின் ஒரு பகுதியைக் கார்களுக்கு மூடியபோது, போக்குவரத்து ஆணையர் ஜேனட் சாதிக்-கான் அங்கே முதலில் கொண்டுவந்து போட்டவை மலிவான மடக்கு நாற்காலிகள். மக்கள் உடனே வந்து உட்கார்ந்துவிட்டார்கள். மறு ஆண்டே அந்த மாற்றம் நிரந்தரம் என்று அறிவிக்கப்பட்டது. தற்காலிக அமைப்பில் தவறு நேர்ந்தால் ஒரே இரவில் திருத்தலாம் என்பது இன்னொரு நன்மை.

ஆனால் கார்களை எடுத்துவிட்டு வெறும் தார்ச்சாலையை மட்டும் விட்டுவைப்பது ஆபத்து. 2016 செப்டம்பரில் பார்சிலோனாவின் பொப்லெனோ பகுதியில் ஒன்பது கட்டடத் தொகுதிகளைச் சேர்த்து ஒரே அலகாக்கி, ஊடே ஓடும் வண்டிகளை வெளியேற்றினார்கள். எண்ணம் சிறந்தது. குடியிருப்பவர்களுடன் போதிய பேச்சு நடக்காமல் அவசரமாக வந்ததால் பால்கனிகளில் எதிர்ப்புப் பதாகைகள் தொங்கின. பிறகு மேசைகள், விளையாட்டிடங்கள், மரங்கள் வந்தன. எதிர்ப்பும் மெல்லத் தணிந்தது.

தொட்டி வைப்பதற்கு முன் எவர் தண்ணீர் ஊற்றுவார் என்று பெயர் எழுதிவிடுங்கள். வாடிய செடி உங்கள் எதிராளியின் கையில் கிடைக்கும் முதல் புகைப்படம்.

ஏழாம் படி: எதிர்ப்பை எதிர்கொள்ளுங்கள்

முதல் மாதம் மோசமாக இருக்கும். பழைய வழியில் வந்து முட்டிக்கொண்டு திரும்பும் வண்டிகள், பெரிய சாலையில் நெரிசல், கோபமான தொலைபேசி அழைப்புகள். ஆறு மாதம் முடியாமல் எதையும் ரத்து செய்வதில்லை என்று நகர நிர்வாகத்திடம் முன்கூட்டியே எழுத்தில் உறுதி வாங்குங்கள். இதை வாங்காமல் தொடங்கவே வேண்டாம் என்பது என் திடமான கருத்து.

"வண்டிகள் எல்லாம் வேறு தெருவுக்குத்தானே போகும்?" நியாயமான கேள்வி. 1998-இல் பிரிட்டிஷ் ஆய்வாளர்கள் சாலையின் கொள்ளளவு குறைக்கப்பட்ட பல இடங்களின் தரவைத் திரட்டிப் பார்த்தார்கள். இடத்துக்கு இடம் பெரிய வேறுபாடு இருந்தது. ஆனால் நடுத்தரமான ஓர் இடத்தில், மாற்றுச் சாலைகளையும் சேர்த்துக் கணக்கிட்ட பிறகும், பாதிக்கப்பட்ட சாலையில் முன்பு ஓடியதில் ஏறத்தாழ பத்தில் ஒரு பங்கு போக்குவரத்து எங்குமே தென்படவில்லை. சிலர் நடந்தார்கள், சிலர் நேரத்தை மாற்றினார்கள், சிலர் இரண்டு பயணங்களை ஒன்றாக்கினார்கள். எல்லாம் மறைந்துவிடும் என்று வாக்குக் கொடுக்காதீர்கள். எல்லைச் சாலையில் வாழ்பவர்களும் மனிதர்களே. அங்கே பஸ் பாதை, பாதுகாப்பான கடவை, அகலமான நடைபாதை ஆகியவற்றையும் உங்கள் கோரிக்கையில் சேருங்கள்.

"கடைகள் செத்துவிடும்." 1962 நவம்பரில் டென்மார்க்கின் கோபன்ஹேகனில் உள்ள ஸ்ட்ரோய்யட் தெருவைச் சோதனையாகக் கார்களுக்கு மூடியபோதும் கடைக்காரர்கள் கடுமையாக எதிர்த்தார்கள். இரண்டு ஆண்டுகளில் அது நிரந்தரமானது. இன்று அந்நகரின் முதன்மையான வணிக வீதி அதுதான். இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகரில் ஒரு கடைத்தெருவில் 2006-இல் எடுத்த ஆய்வில், வாடிக்கையாளர்களில் 41 சதவீதம் பேர் காரில் வருகிறார்கள் என்று கடைக்காரர்கள் மதிப்பிட்டார்கள். உண்மையில் வந்தவர்கள் 22 சதவீதம். உங்கள் தெருவிலும் கடைக்காரர்களோடு சேர்ந்தே ஒரு நாள் வாடிக்கையாளர்களைக் கேட்டு எண்ணுங்கள். அவர்கள் கையாலேயே எழுதிய எண்ணை அவர்கள் நம்புவார்கள். சரக்கு இறக்க ஒரு நேரமும் இடமும் கண்டிப்பாக ஒதுக்குங்கள்.

வாடகை உயர்ந்து பழைய குடியிருப்பாளர்கள் வெளியேற நேரிடும் என்ற அச்சத்துக்கு என்னிடம் எளிதான பதில் இல்லை. நல்ல தெரு அரிதாக இருக்கும்வரை அதற்கு விலை ஏறத்தான் செய்யும். ஆகவே வசதியான பகுதிகளில் மட்டும் இதைச் செய்துவிட்டு நிறுத்தாதீர்கள். விபத்து அதிகமுள்ள, திறந்தவெளி இல்லாத பகுதிகளை வரிசையில் முன்னால் வையுங்கள்.

எட்டாம் படி: நிரந்தரமாக்குங்கள்

சோதனைக் காலம் முடிந்ததும் முதலில் எண்ணிய அதே இடங்களில், அதே நேரங்களில் மீண்டும் எண்ணி, இரண்டையும் அருகருகே வைத்து நகர நிர்வாகத்திடம் கொடுங்கள். ஒப்புதல் கிடைத்தால் கட்டுமானம் தொடங்கட்டும். நடைபாதை சந்திப்பில் இறங்காமல் அதே உயரத்தில் தொடர வேண்டும். கார்தான் ஏறி இறங்க வேண்டும். வண்டி ஓடும் பாதையின் அகலத்தைக் குறையுங்கள், இருபுறமும் மரம் நடுங்கள். 30 என்று எழுதிய பலகையை எவரும் மதிப்பதில்லை. 30-க்கு மேல் ஓட்ட மனம் வராத அகலத்தையும் வளைவையும் எவரும் மீற முடிவதில்லை.

ஸ்பெயினின் பொந்தெவெத்ரா இந்த வேலையை 1999-இல் தொடங்கியது. ஏறத்தாழ 80,000 பேர் வாழும் நகரம். அன்று பதவியேற்ற மேயர் மிகெல் அன்ஷோ ஃபெர்னாந்தெஸ் லோரெஸ் பழைய நகரப் பகுதியிலிருந்து தொடங்கி மையம் முழுவதையும் நடப்பவர்களுக்குத் திருப்பிக் கொடுத்தார். அதன் பிறகும் தேர்தலுக்குத் தேர்தல் வென்றார். நார்வேயின் ஆஸ்லோ, நகர மையத்தில் நூற்றுக்கணக்கான கார் நிறுத்துமிடங்களை எடுத்துவிட்டு, சைக்கிள் பாதைகளும் பெஞ்சுகளும் வைத்தது. 2019-இல் அந்த நகரத்தில் நடந்து சென்றவர்களிலோ சைக்கிளில் சென்றவர்களிலோ ஒருவர்கூடச் சாலை விபத்தில் இறக்கவில்லை.

கட்டி முடித்த பிறகும் வேலை இருக்கிறது. பூட்டுத் தூணின் சாவி எவரிடம் என்பது எழுதப்பட்டிருக்க வேண்டும். உடைந்த தூணை ஒரு வாரத்துக்குள் மாற்றவில்லை என்றால் அந்த இடைவெளி மீண்டும் சாலையாகிவிடும். நடைபாதையில் ஏறி நிற்கும் முதல் காரை அன்றே அகற்றச் சொல்லுங்கள். ஓராண்டு கழித்து, அதே மாதத்தில், அதே முனைகளில் மூன்றாம் முறை எண்ணுங்கள். அந்தத் தாளைப் பிரதி எடுத்து வையுங்கள். பக்கத்துப் பகுதிக்காரர்கள் உங்களைத் தேடி வரும்போது முதலில் கேட்கப்போவது அதைத்தான்.